பால்டு சைப்ரஸ்: ஏறி இறங்கும் தண்ணீரில் வாழும் மரம்

ஊசியிலை மரம் என்றாலே வருடம் முழுக்கப் பச்சையாக நிற்கும் மரம் என்றுதான் பள்ளியில் படித்திருப்போம். பைன், ஃபர், ஸ்புரூஸ் எல்லாம் அப்படித்தான். பனி கொட்டினாலும் இலை அப்படியே இருக்கும். அமெரிக்காவின் தென்கிழக்கு மாநிலங்களில் வளரும் பால்டு சைப்ரஸ் இந்தப் பாடத்துக்குள் அடங்காத மரம். இதுவும் பைனைப் போலக் கூம்பில் விதை வைக்கிற இனம்தான். ஆனால் இலையுதிர்காலம் வந்தால் இலையெல்லாம் செம்பு நிறமாகி, ஒன்று விடாமல் கொட்டிவிடும். குளிர்காலம் முழுக்க மரம் மொட்டையாக நிற்கும். ஆங்கிலத்தில் மொட்டை என்று பொருள்படும் 'பால்டு' என்ற பெயர் வந்தது அதனால்தான்.

இலை கொட்டுவதோடு முடிந்திருந்தால் இந்த மரத்தைப் பற்றி ஒரு பத்தி போதும். இது தண்ணீருக்குள் நிற்கும் மரம். ஆண்டில் பல மாதங்கள் வெள்ளம் சூழ்ந்த சதுப்பில், மற்ற மரங்களின் வேர் மூச்சுத் திணறிச் சாகும் இடத்தில், இது ஆயிரம் ஆண்டு, இரண்டாயிரம் ஆண்டு என்று வாழ்கிறது. அப்படிப்பட்ட மரத்தின் விதை மட்டும் தண்ணீருக்குள் முளைப்பதில்லை! வளர்ந்த மரத்துக்கு வெள்ளம் பொருட்டே இல்லை. பிறக்கும் கன்றுக்கோ வெள்ளம் வடிந்த சேறு வேண்டும். இந்த ஒரு முரணைப் பிடித்துக்கொண்டால் மரத்தின் மற்றக் குணங்களும், இன்று அதற்கு வந்திருக்கும் ஆபத்தும் தானாகப் புரியும்.

எங்கே வளர்கிறது, யாருக்கு உறவு

அறிவியல் பெயர் டாக்ஸோடியம் டிஸ்டிகம். 1753இல் ஸ்வீடன் தாவரவியலாளர் லின்னேயஸ் இதைச் சாதாரண சைப்ரஸ் மரங்களோடு சேர்த்துத்தான் வைத்தார். 1810இல் பிரெஞ்சுத் தாவரவியலாளர் ரிஷார் தனிப் பேரினமாகப் பிரித்தார். இன்றும் சைப்ரஸ் குடும்பத்தில்தான் இருக்கிறது. ஆனால் இத்தாலியப் படங்களில் ஒல்லியாக, கூராக நிற்குமே, அந்த சைப்ரஸ் இதற்குத் தூரத்துச் சொந்தம்தான். கலிஃபோர்னியாவில் வானளாவ நிற்கும் ரெட்வுட்டும் ராட்சத செக்கோயாவும் அதைவிட நெருங்கிய உறவு.

டெலவேரிலிருந்து ஃப்ளோரிடா வரை அட்லாண்டிக் கடலோரச் சமவெளி, அங்கிருந்து மெக்ஸிகோ வளைகுடா ஓரமாக டெக்ஸாஸ், மிசிசிப்பி ஆற்றோடு மேலேறினால் இல்லினாய், இண்டியானா மாநிலங்களின் தெற்குப் பகுதி. இதுதான் அதன் சொந்த மண். மெதுவாக ஓடும் ஆறுகளின் கரை, வெள்ளம் பாயும் தாழ்நிலம், பழைய ஆறு விட்டுப்போன குட்டை என்று எங்கெல்லாம் தண்ணீர் ஏறி இறங்குகிறதோ அங்கெல்லாம் பார்க்கலாம். லூயிசியானாவின் அட்சாஃபலாயா சதுப்பு, டெக்ஸாஸ் எல்லையில் உள்ள காடோ ஏரி, தென் கரோலினாவின் காங்கரீ ஆகியவை இதற்குப் பேர்போனவை. லூயிசியானா 1963இல் இதைத் தன் மாநில மரமாக அறிவித்தது.

நெருங்கிய உறவினர் இருவரைச் சொல்லியாக வேண்டும். ஒன்று குளத்து சைப்ரஸ் (ஆங்கிலத்தில் பாண்ட் சைப்ரஸ்). ஓடாத, ஊட்டம் குறைந்த தண்ணீரில் வளர்வது. இலைகள் பக்கவாட்டில் விரியாமல் குச்சியோடு ஒட்டி, மேல்நோக்கி இருக்கும். இதைத் தனி இனம் என்பவர்களும் உண்டு, பால்டு சைப்ரஸின் ஒரு வகை என்பவர்களும் உண்டு. ஃப்ளோரிடாவின் சமவெளியில் தூரத்திலிருந்து பார்த்தால் பச்சைக் குவிமாடம் கவிழ்த்தது போல இதன் தோப்பு தெரியும். நடுப்பள்ளத்தில் இருக்கும் மரங்கள் உயரமாகவும், ஓரத்து மரங்கள் போகப்போகக் குட்டையாகவும் நிற்பதால் வந்த வடிவம் அது. இன்னொரு உறவு மெக்ஸிகோவின் மாண்டெஸூமா சைப்ரஸ். ஓஹாகா அருகே சாந்தா மரியா தெல் தூலே என்ற ஊரில் தேவாலயத்தின் பக்கத்தில் நிற்கும் ஒரு மரத்தின் அடிமரச் சுற்றளவு சுமார் 42 மீட்டர். உலகிலேயே மிகப் பருத்த அடிமரம் என்று பெயர் வாங்கிய மரம் அது.

கையில் எடுத்துப் பார்த்தால்

பால்டு சைப்ரஸின் இலையைத் தொட்டால் முதலில் தெரிவது அதன் மென்மை. ஊசியிலை என்ற பெயருக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை; குத்தாது. ஒவ்வோர் இலையும் 1 முதல் 2 செ.மீ. நீளம், தட்டையானது. மெல்லிய குச்சியின் இரு பக்கமும் வரிசையாக அடுக்கி இருப்பதால் மொத்தத்தில் ஓர் இறகு மாதிரி தெரியும். வசந்தத்தில் துளிர்க்கும்போது இளமஞ்சள் கலந்த பச்சை, கோடையில் நல்ல பச்சை, பிறகு துருவும் செம்பும் கலந்த நிறம்.

இலை உதிர்வதிலும் ஒரு தனி வழக்கம் உண்டு. இலைகள் ஒவ்வொன்றாகக் கழன்று விழுவதில்லை. அந்தச் சிறு குச்சியே இலைகளோடு சேர்ந்து விழுந்துவிடும். இலையுதிர்காலத்தில் சதுப்புத் தண்ணீரின் மேல் துருநிற இறகுகள் மிதப்பது போல இருக்கும்.

பூங்காக்களில் இதை நட்டிருப்பார்கள். பலர் டான் ரெட்வுட் என்ற சீன மரத்தோடு குழப்பிக்கொள்வார்கள். அந்த மரத்தைப் புதைபடிவமாக மட்டுமே அறிந்திருந்தார்கள். 1940களில்தான் சீனாவில் உயிரோடு கண்டுபிடித்தார்கள். அதுவும் இலை உதிர்க்கும், இலையும் இறகு மாதிரிதான். பிரித்தறிய ஒரு எளிய வழி இருக்கிறது: குச்சியில் இலைகள் எதிரெதிராக ஜோடி ஜோடியாக இருந்தால் டான் ரெட்வுட், ஒன்று விட்டு ஒன்றாக மாறி மாறி இருந்தால் பால்டு சைப்ரஸ்.

பட்டை செம்பழுப்பு, வயதானால் சாம்பல் ஓடும்; நார் நாராக நீளவாக்கில் உரியும். உயரம் பொதுவாக 30 முதல் 40 மீட்டர். இளமையில் கூம்பு வடிவம். முதிர்ந்த மரங்களின் உச்சி தட்டையாகிவிடும். அப்புறம் கிளைகளில் சாம்பல் நிறத் தாடி தொங்குவதைப் படங்களில் பார்த்திருப்பீர்கள். அது மரத்தின் பகுதி இல்லை. ஸ்பானிஷ் மாஸ் என்று சொன்னாலும் அது பாசியும் இல்லை. அன்னாசிக் குடும்பத்துப் பூச்செடி. மரத்தின் சாற்றை உறிஞ்சாமல், காற்றிலும் மழையிலும் கிடைப்பதை வைத்தே பிழைத்துக்கொள்கிறது.

தண்ணீரில் வேர் எப்படி மூச்சு விடுகிறது

வேருக்கும் ஆக்சிஜன் வேண்டும். நல்ல மண்ணில் துகள்களுக்கு இடையே காற்று இருப்பதால் பிரச்சினை இல்லை. வெள்ளம் வந்தால் அந்த இடைவெளியெல்லாம் தண்ணீரால் நிரம்பிவிடும். தண்ணீருக்குள் ஆக்சிஜன் பரவும் வேகம் காற்றில் பரவுவதைவிடச் சுமார் 10,000 மடங்கு குறைவு. இருக்கிற கொஞ்சத்தையும் சேற்றில் உள்ள நுண்ணுயிர்கள் தீர்த்துவிடும். பெரும்பாலான மரங்கள் சில வாரம் தாங்கும், பிறகு வேர் செத்து மரமும் சாகும்.

பால்டு சைப்ரஸின் வேர்த் திசுக்களில் காற்று போய்வரும் இடைவெளிகள் இருக்கின்றன. தண்ணீர் நின்ற பிறகு அடிமரத்திலிருந்து புது வேர்கள் விடும் திறனும் உண்டு. வேர்கள் ஆழமாக இறங்குவதைவிட மேலாக, அகலமாகப் பரவுகின்றன. அடிமரம் பருத்து, பள்ளமும் மேடுமாக மடிப்பு விழுந்து, கீழே வர வர அகலும். வெள்ளம் எவ்வளவு உயரம் வரை வழக்கமாக ஏறுகிறதோ, அதை ஒட்டித்தான் இந்தப் பருமனும் இருக்கும். சதுப்பு வற்றிக் கிடக்கும் காலத்தில் போனாலும், மரத்தின் அடியைப் பார்த்து வெள்ளம் எதுவரை வரும் என்று ஓரளவு ஊகிக்கலாம்.

இந்த அகன்ற அடியும் பின்னிக்கிடக்கும் வேரும் சேற்றில் மரத்தைப் பிடித்து வைக்கின்றன. 1989இல் ஹியூகோ புயல் காங்கரீ காட்டைத் தாக்கியபோது மற்ற மரங்கள் ஏராளமாக முறிந்தும் சாய்ந்தும் போயின. பால்டு சைப்ரஸுக்குச் சேதம் குறைவாகவே இருந்தது.

அந்த முழங்கால்கள்

இந்த மரத்தைப் பார்க்கப் போகிறவர்கள் மரத்தை விட்டுவிட்டு முதலில் கேட்பது இதைத்தான். மரத்தைச் சுற்றித் தண்ணீரிலிருந்தும் சேற்றிலிருந்தும் கூம்பு கூம்பாக, மழுங்கிய முனையோடு மரக்கட்டைகள் எழுந்து நிற்கும். மடக்கிய முழங்கால் போல இருப்பதால் ஆங்கிலத்தில் முழங்கால் என்றே பெயர். பெரும்பாலும் இடுப்பளவுக்குள் இருக்கும். சில இடங்களில் ஆள் உயரத்தைத் தாண்டும்.

இவை புதுக் கன்றுகள் இல்லை. மொட்டு கிடையாது, இலை கிடையாது. தனி மரமாக ஒருநாளும் வளராது. கிடையாக ஓடும் வேரின் மேற்பக்கம் மட்டும் வேகமாகத் தடித்துத் தடித்து மேலே எழும்பியதுதான் முழங்கால். உள்ளே மரம் லேசாக இருக்கும், வயதானால் உள்ளீடற்றுப் போவதும் உண்டு. தண்ணீர் ஏறி இறங்கும் இடத்தில்தான் நன்றாக வருகின்றன. வறண்ட மேட்டு நிலத்தில் நட்ட மரங்களில் பொதுவாக வருவதில்லை. எப்போதும் ஆழமாகத் தண்ணீர் நிற்கும் இடத்திலும் அப்படியே.

சரி, எதற்காக இவை? கேட்டவுடன் தோன்றும் பதில், மூச்சு விடுவதற்கு. அலையாத்தி மரங்களில் சேற்றுக்கு மேல் நீட்டிக்கொண்டிருக்கும் மூச்சுவேர்கள் அதைத்தான் செய்கின்றன. ஆனால் அலையாத்தியின் மூச்சுவேரில் காற்று நுழையக் கண்ணுக்குத் தெரியும் துளைகள் உண்டு. சைப்ரஸ் முழங்காலில் அப்படி இல்லை. 1952இல் அமெரிக்க ஆய்வாளர்கள் முழங்கால்கள் எவ்வளவு காற்றைப் பரிமாறுகின்றன என்று அளந்து பார்த்தார்கள். வேருக்கு ஆக்சிஜன் அனுப்புகின்றன என்பதற்கு அதில் ஆதாரம் கிடைக்கவில்லை. முழங்கால்களை வெட்டி எடுத்த மரங்களும் நன்றாகவே வாழ்ந்தன. அதனால் கருத்து வேறு பக்கம் திரும்பியது: சேற்றில் மரத்துக்குப் பிடிமானம் தருவதற்காக இருக்கலாம், மாவுச்சத்தைச் சேர்த்து வைக்க இருக்கலாம் என்றார்கள்.

கதை அங்கே முடியவில்லை. 2015இல் வெளியான ஓர் ஆய்வில், முழங்காலை ஒட்டிய வேருக்குள்ளேயே ஆக்சிஜன் அளவைப் பார்த்தார்கள். முழங்கால் தண்ணீருக்கு மேலே இருக்கும்போது வேரில் ஆக்சிஜன் இருந்தது. முழங்காலை மூழ்கடித்தால் குறைந்தது. ஆக, பழைய யோசனைக்கு மறுபடி உயிர் வந்திருக்கிறது. ஒரே உறுப்பு இரண்டு மூன்று வேலை செய்யக் கூடாது என்று எந்தச் சட்டமும் இல்லை என்பதால், மூச்சும் பிடிமானமும் சேர்ந்தே இருக்கலாம் என்பது என் எண்ணம். இருநூறு ஆண்டுகளாகத் தாவரவியலாளர்கள் கேட்டுக்கொண்டிருக்கும் கேள்வி இன்னும் ஆய்வில் இருக்கிறது என்பதே எனக்கு உற்சாகம் தருகிறது.

விதையின் குறுகிய வாய்ப்பு

ஒரே மரத்தில் ஆண் கூம்பும் பெண் கூம்பும் உண்டு. ஆண் கூம்புகள் குளிர்காலத்திலேயே சரம் சரமாகத் தொங்கத் தொடங்கி, வசந்தம் வரும் முன்பே மகரந்தத்தைக் காற்றில் விடும். மொட்டைக் கிளைகளில் காற்றுக்குத் தடையாக இலை இல்லாத நேரம் அது. பெண் கூம்பு உருண்டையாக, 2 முதல் 3.5 செ.மீ. குறுக்களவில், பச்சையாக இருந்து பழுப்பாகும். பைன் கூம்பு மாதிரி விரிந்து விதையை விட்டுவிட்டு முழுதாக விழுவதில்லை. முற்றியதும் துண்டு துண்டாக உதிர்ந்துபோகும். பச்சைக் கூம்பை நசுக்கினால் பிசின் கையில் ஒட்டி, நல்ல வாசனை வரும். விதைகள் ஒழுங்கற்ற முக்கோண வடிவம். சிறகு இல்லை, காற்றில் பறக்காது. தண்ணீரில் மிதக்கும். ஆறுதான் இந்த மரத்தின் விதையைச் சுமந்து போகிறது.

இனிதான் முக்கியமான இடம். தண்ணீருக்குள் மூழ்கிக் கிடக்கும் விதை முளைப்பதில்லை. ஆனால் செத்தும் போவதில்லை. மாதக்கணக்கில், சில நேரம் இரண்டு ஆண்டுக்கும் மேல், உயிரை வைத்துக்கொண்டு காத்திருக்கும். வெள்ளம் வடிந்து, சேறு ஈரமாக இருந்து, மேலே வெயில் படவேண்டும். அப்போதுதான் முளை வரும். மண் காய்ந்து போனாலும் வராது.

முளைத்த பிறகும் அவகாசம் குறைவு. அடுத்த வெள்ளம் வருவதற்குள் நாற்று தண்ணீர் மட்டத்துக்கு மேலே தலை நீட்டும் உயரத்துக்கு வளர்ந்துவிட வேண்டும். வளரும் பருவத்தில் இலையெல்லாம் பல வாரம் மூழ்கிக் கிடந்தால் நாற்று செத்துவிடும். தலை மட்டும் மேலே இருந்தால் போதும், அடி தண்ணீரில் நின்றாலும் பிழைத்துக்கொள்ளும். நிழலும் இதற்கு ஆகாது, வெளிச்சம் வேண்டும்.

யோசித்துப் பாருங்கள். வெள்ளம் வடிவதும், சேறு ஈரமாக இருப்பதும், வெளிச்சம் கிடைப்பதும், அடுத்த வெள்ளம் தாமதமாக வருவதும் ஒரே நேரத்தில் கூடி வரவேண்டும். இப்படிக் கூடி வருவது எல்லா ஆண்டும் நடப்பதில்லை. அதனால்தான் பல சதுப்புகளில் மரங்கள் கிட்டத்தட்ட ஒரே வயதுக் கூட்டமாக நிற்கின்றன. ஒரு நல்ல வறட்சி வந்த காலத்தில் எல்லாம் சேர்ந்து பிறந்தவை. அடுத்த நல்ல வாய்ப்புக்குப் பல பத்தாண்டு ஆகலாம். மரம் ஆயிரக்கணக்கான ஆண்டு வாழ்வதால் காத்திருக்க முடிகிறது.

வயதும், வளையங்கள் சொல்லும் சேதியும்

வட கரோலினாவில் பிளாக் ஆறு என்று ஒன்று ஓடுகிறது. தேயிலைச் சாயம் போன்ற இருண்ட தண்ணீர். அதன் கரைச் சதுப்பில் நிற்கும் மரங்களை ஆர்கன்ஸாஸ் பல்கலைக்கழகத்தின் டேவிட் ஸ்டாலே 1980களிலிருந்து ஆராய்ந்து வருகிறார். மரத்தை வெட்டாமல், ஒரு பென்சிலைவிட மெல்லிய துளையிட்டு, ஆண்டுக்கு ஒன்றாக விழும் வளையங்கள் தெரியும் ஒரு குச்சியை மட்டும் எடுக்கும் முறை. 2019இல் அவர் குழு வெளியிட்ட முடிவின்படி, அங்கே ஒரு மரத்துக்கு 2018இல் குறைந்தது 2,624 வயது. கி.மு. 605ஆம் ஆண்டின் வளையம் அதில் இருக்கிறது! வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதியில் அறியப்பட்ட மிக முதிய மரம் இதுதான். 'குறைந்தது' என்று சொல்லக் காரணம், முதிய மரங்களின் நடுப்பகுதி பெரும்பாலும் கோறையாகிவிடும். முதல் வளையங்கள் கிடைப்பதில்லை. பார்க்க இந்த மரங்கள் அப்படி ஒன்றும் பிரம்மாண்டமானவை அல்ல. உச்சி முறிந்து, முறுக்கி, குட்டையாக நிற்பவை. மரம் வெட்ட வந்தவர்கள் இவற்றை விட்டுவிட்டுப் போனதற்கு இந்தத் தோற்றமும் ஒரு காரணமாக இருந்திருக்க வேண்டும்.

சதுப்பில் எப்போதும் தண்ணீர் இருக்குமே, அந்த மரத்துக்கு வறட்சி எங்கே தெரியப் போகிறது என்று நினைக்கத் தோன்றும். ஆனால் வசந்தத்திலும் கோடைத் தொடக்கத்திலும் நல்ல மழை பெய்த ஆண்டில் வளையம் அகலமாகவும், பெய்யாத ஆண்டில் நூல் போல மெலிந்தும் இருக்கிறது. இதை வைத்து 1988இலேயே கி.பி. 372 முதலான வட கரோலினாவின் மழை வரலாற்றை ஸ்டாலே குழு எழுதிவிட்டது.

பத்து ஆண்டு கழித்து இன்னொன்று வந்தது. 1587இல் இங்கிலாந்திலிருந்து வந்து ரோவனோக் தீவில் குடியேறிய நூற்றுக்கு மேற்பட்டவர்கள், 1590இல் கப்பல் திரும்பி வந்தபோது அங்கே இல்லை. அவர்களுக்கு என்ன ஆனது என்பது அமெரிக்க வரலாற்றின் பெரிய புதிர்களில் ஒன்று. விர்ஜினியாவின் ஆற்றோரப் பால்டு சைப்ரஸ் வளையங்களை எண்ணிப் பார்த்தால், 1587 முதல் 1589 வரை அந்தப் பகுதி 800 ஆண்டுகளில் காணாத கடும் வறட்சியில் இருந்திருக்கிறது. 1607இல் தொடங்கிய ஜேம்ஸ்டவுன் குடியிருப்பிலும் பட்டினிச் சாவுகள் நடந்தன. 1606 முதல் 1612 வரையான ஏழு ஆண்டுகள் 770 ஆண்டுகளில் மிக வறண்டவை என்கின்றன அதே வளையங்கள். வந்தவர்களின் திறமைக்குறைவு என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்த கதைக்கு, மரங்கள் ஒரு முக்கியமான துண்டைச் சேர்த்தன.

இவ்வளவு வயதான ஒன்றை இழப்பது எவ்வளவு எளிது என்பதற்கும் உதாரணம் இருக்கிறது. ஃப்ளோரிடாவின் லாங்வுட்டில் 'தி செனட்டர்' என்ற மரம் நின்றது. வயது சுமார் 3,500 என்று மதிப்பிட்டிருந்தார்கள். 1925இல் ஒரு சூறாவளி உச்சியை முறித்தும் தாக்குப்பிடித்தது. 2012 ஜனவரியில், உள்ளே நுழைந்த ஒருவர் மூட்டிய தீ கோறையான நடுமரத்தில் பற்றி, சில மணி நேரத்தில் மரம் சரிந்துவிட்டது. அதன் கிளையிலிருந்து முன்பே ஒட்டி வளர்த்திருந்த ஒரு மரத்தை அடுத்த ஆண்டு அதே பூங்காவில் கொண்டுவந்து நட்டார்கள்.

வைரம் பாய்ந்த கட்டை

முதிய பால்டு சைப்ரஸின் வைரம், அதாவது இறுகிப்போன உள்மரம், எளிதில் உளுத்துப்போகாது. அதில் ஊறியிருக்கும் எண்ணெய்ச் சத்துகள் பூஞ்சையையும் பூச்சியையும் தடுக்கின்றன. பூர்வகுடி மக்கள் இதைக் குடைந்து ஒற்றைமரத் தோணி செய்தார்கள். வட கரோலினாவின் ஃபெல்ப்ஸ் ஏரியில் 1980களின் நடுவில் தண்ணீர் வற்றியபோது 30 தோணிகள் தட்டுப்பட்டன. மிகப் பழையதற்குச் சுமார் 4,400 வயது. அலபாமா கடற்கரைக்கு அப்பால் சுமார் 18 மீட்டர் ஆழத்தில் 50,000 ஆண்டுகளுக்கும் மேற்பட்ட சைப்ரஸ் காடு ஒன்று, அடிக்கட்டைகள் நின்ற நிலையிலேயே, மணலுக்குள் மூடிக் கிடந்திருக்கிறது. 2004இல் வந்த ஐவன் சூறாவளி மணலைக் கிளறி அதை வெளியே கொண்டுவந்ததாகக் கருதுகிறார்கள். அந்தக் கட்டையை அறுத்தால் இன்னும் மரத்தின் வாசனை வருகிறதாம்.

இந்தக் குணமே மரத்துக்கு எமனானது. கூரைப் பலகை, தண்ணீர்த் தொட்டி, பீப்பாய், படகு, தோட்டக்கூடம், சவப்பெட்டி என்று எல்லாவற்றுக்கும் கேட்டார்கள். 1880 முதல் 1930 வரையான ஐம்பது ஆண்டில் பழமையான சைப்ரஸ் காடுகளில் பெரும்பகுதி போய்விட்டது. பச்சை மரம் தண்ணீரில் மூழ்கிவிடும் என்பதால், முதலில் பட்டையைச் சுற்றிலும் வெட்டி மரத்தை நின்ற நிலையிலேயே உலரவிட்டு, பிறகு சாய்த்து மிதக்கவிட்டார்கள். அப்படியும் மூழ்கிப்போன கட்டைகளை இன்று ஆற்றடியிலிருந்து எடுத்து நல்ல விலைக்கு விற்கிறார்கள். நூறு ஆண்டு சேற்றில் கிடந்தும் கெடவில்லை. இன்றைய இளம் மரங்களில் வைரம் குறைவு, அதனால் அந்த உறுதி இல்லை. ஃப்ளோரிடாவின் கார்க்ஸ்க்ரூ சதுப்பில் ஆடுபான் என்ற பறவைப் பாதுகாப்பு அமைப்பு காக்கும் காடுதான் இன்று மிஞ்சியிருக்கும் பழமையான பால்டு சைப்ரஸ் காடுகளில் மிகப் பெரியது. அமெரிக்க மர நாரைகள் கூடு கட்டும் இடமும் அது.

மரப்பொந்துகளில் கரடிகளும் வௌவால்களும் மரவாத்துகளும் தங்குகின்றன. உச்சியில் கழுகுகளும் விரால் அடிப்பான்களும் கூடு வைக்கின்றன. விதையை அணில்களும் வாத்துகளும் தின்கின்றன.

இன்று என்ன சிக்கல்

வெட்டுவது பெரிதும் குறைந்துவிட்டது. இப்போதுள்ள சிக்கல் தண்ணீரில் இருக்கிறது. மிசிசிப்பி ஆற்றின் இரு கரையிலும் வெள்ளத் தடுப்புக் கரைகள் எழுப்பியதால், ஆண்டுதோறும் சதுப்புக்குள் பாய்ந்த நன்னீரும் வண்டலும் நின்றுவிட்டன. வண்டல் வராததால் தரை மெல்ல அமிழ்கிறது. கடல் மட்டமோ உயர்கிறது. விளைவாக, ஏறி இறங்கிக்கொண்டிருந்த தண்ணீர் பல இடங்களில் இறங்குவதே இல்லை. பெரிய மரங்கள் நிற்கின்றன. பார்ப்பவர்களுக்குக் காடு நன்றாக இருப்பது போலவே தெரியும். ஆனால் கீழே ஒரு கன்று கூட இல்லை. விதை தண்ணீருக்குள் காத்துக் காத்துச் செத்துப்போகிறது.

அடுத்தது உப்பு. பால்டு சைப்ரஸ் லேசான உப்பைத் தாங்கும், கடல்நீரைத் தாங்காது. நியூ ஆர்லியன்ஸ் அருகே கப்பல் போவதற்காக 1960களில் வெட்டி முடித்த ஒரு கால்வாய் வழியே கடல்நீர் உள்ளே வந்து, சுற்றியிருந்த சைப்ரஸ் சதுப்புகள் செத்து, வெள்ளைக் கட்டைகளாக நின்றன. கட்ரீனா சூறாவளிக்குப் பிறகு, 2009இல், அந்தக் கால்வாயைக் கல் அணை போட்டு அடைத்தார்கள்.

நட்டு வளர்க்கலாமே என்றால், அங்கே நூட்ரியா இருக்கிறது. தென் அமெரிக்காவிலிருந்து ரோமத்துக்காக 1930களில் லூயிசியானாவுக்குக் கொண்டுவந்த பெரிய கொறிவிலங்கு. நட்ட நாற்றை வேரோடு தின்றுவிடும். அதனால் இப்போது ஒவ்வொரு நாற்றுக்கும் பிளாஸ்டிக் உறை மாட்டி நடுகிறார்கள். தன்னார்வலர்கள் இடுப்பளவு சேற்றில் இறங்கிச் செய்யும் வேலை இது. அவர்கள் மீது எனக்குப் பெரிய மரியாதை உண்டு.

ஆனால் நட்டுக்கொண்டே இருப்பதால் சதுப்பு மீளாது. தண்ணீரின் போக்கு மாறவேண்டும். அந்த வகையில் கவனிக்க வேண்டிய முயற்சி நியூ ஆர்லியன்ஸுக்கு மேற்கே மௌரெபாஸ் சதுப்பில் நடக்கிறது. மிசிசிப்பியின் கரையில் மதகு வைத்து, கால்வாய் வெட்டி, ஆற்று நீரை மறுபடி சதுப்புக்குள் விடும் திட்டம். 2024 டிசம்பரில் பணி தொடங்கியது. சுமார் 45,000 ஏக்கர் காட்டுக்கு நன்னீரும் வண்டலும் போய்ச் சேரவேண்டும் என்பது இலக்கு. தேங்கிக் கிடக்கும் தண்ணீர் நகரத் தொடங்கினால் உப்பு வெளியேறும், வண்டல் படிந்து தரை உயரும். கோடையில் சில வாரமாவது சேறு வெளியே தெரிந்தால் அதில் விதை முளைக்கும்.